காய்ச்சலும் அங்கேயே இருக்கிறதா?

கேள்வி:

வணக்கம். நான் ஒரு கற்பனை நிலத்தில் நடக்கும் நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். அங்கே 'திரள்நெறி' என்றொரு தத்துவ மரபு. அதன் கொள்கை இது: கடந்துபோனது எதுவும் அழிவதில்லை, எல்லாம் அப்படியே திரண்டு கிடக்கிறது. நிகழ்காலம் அந்தத் திரளின் மேல்விளிம்பு மட்டுமே. எதிர்காலம் என்று ஒன்று எங்கும் இல்லை. அதனால் திரள்நெறியார் யாருக்கும் வாக்குக் கொடுப்பதில்லை. செத்தவர்களுக்காக அழுவதும் இல்லை, ஏனென்றால் செத்தவர்கள் திரளுக்குள் இருக்கிறார்கள். நாவலின் நடுவில் ஒரு முதிய ஆசான், மகளைக் காய்ச்சலில் பறிகொடுத்த ஒரு தாய்க்கு இதை விளக்கித் தேற்றுகிறார்.

எதிர்காலமே இல்லை என்று நம்புகிறவர்கள் எப்படி விதைப்பார்கள், இது முரண்பாடு என்கிறான் நண்பன். உண்மையா? இதே கருத்தை வேறு யாராவது சொல்லிவிட்டார்களா? படித்தவர்கள் எல்லாரும் அந்த அத்தியாயம் பாடம் நடத்துவதுபோல இருக்கிறது என்கிறார்கள், எப்படிச் சரிசெய்வது? கடைசியாக, 'தொலைந்துபோன ஓர் ஓலைச்சுவடியில் கிடைத்த மரபு' என்று முன்னுரையில் போடலாமா?

பதில்:

அன்புள்ள வாசகருக்கு,

இரண்டாவது கேள்வியை முதலில் முடித்துவிடுகிறேன், அதுதான் சுலபம். ஆமாம், சொல்லியிருக்கிறார்கள். ஆங்கிலேயத் தத்துவவாதி சி. டி. பிராட் 1923இல் கிட்டத்தட்ட இதையேதான் சொன்னார்: இருப்பு கூடிக்கொண்டே போகிறது, அதிலிருந்து எதுவும் கழிவதில்லை, எதிர்காலம் வெறும் இன்மை. தத்துவத் துறையில் இதை வளரும் பாளக் கொள்கை என்று சொல்லலாம். அதனால் என்ன? காலத்தைப் பற்றி எடுக்கக்கூடிய அடிப்படை நிலைப்பாடுகளே கொஞ்சம்தான். மூன்று காலமும் உண்டு என்பார் ஒருவர், நிகழ்காலம் மட்டுமே உண்டு என்பார் இன்னொருவர், இறந்ததும் நிகழ்வதும் உண்டு என்பார் மற்றொருவர், காலமே பொய் என்பவரும் உண்டு. இவற்றுக்கு வெளியே புதிதாக ஒன்றைக் கண்டுபிடிக்க உட்கார்ந்தால் தலைவலிதான் மிஞ்சும். பிராட் ஒரு கொள்கையை முன்வைத்தார். அதை நம்பி ஒரு சமூகமே வாழ்ந்தால் என்ன ஆகும் என்று நீங்கள் கேட்கிறீர்கள். அந்தக் கேள்வி உங்களுடையது.

நண்பர் சொல்வதுபோல இது முரண்பாடு இல்லை. ஒன்று இப்போது இல்லை என்பதும், அது வரவே வராது என்பதும் வேறுவேறு கூற்றுகள். திரள்நெறியார் சொல்வது முதலாவதை மட்டும்தான். நாளைய அறுவடை இன்று எங்கும் கிடையாது, ஆனால் திரள் வளரும், வளரும்போது அறுவடையும் அதில் வந்து சேரலாம். ஏன் விதைக்கிறீர்கள் என்று கேட்டால், இதுவரை விதைத்தது முளைத்திருக்கிறது, அந்த முளைப்பெல்லாம் திரளில் இருக்கிறது என்பார்கள். இதுவரை நடந்தது இனியும் நடக்கும் என்பதற்கு என்ன உத்தரவாதம் என்று டேவிட் ஹியூம் 18ஆம் நூற்றாண்டில் கேட்டார். அதற்கு அவர்களிடமும் பதில் இருக்காது, எல்லாரும் ஒப்புக்கொண்ட பதில் நம்மிடமும் இல்லை. அதற்காக யாரும் விதைக்காமல் இருந்துவிடவில்லை.

நண்பர் தொட்டிருக்க வேண்டிய இடம் வேறு. 'நாளை மழை பெய்யும்' என்று ஒரு திரள்நெறியார் சொன்னால் அது இப்போது உண்மையா, பொய்யா? அதை உண்மையாக்கவோ பொய்யாக்கவோ இப்போது எதுவுமே இல்லையே. அரிஸ்டாட்டில் நாளை நடக்கக்கூடிய ஒரு கடற்போரை வைத்து இதே சிக்கலை எழுப்பினார். போலந்தின் யான் வுகாசியேவிச் 1920இல், உண்மை, பொய் என்ற இரண்டோடு மூன்றாவதாக ஒரு மதிப்பைச் சேர்த்துத் தருக்கத்தையே விரித்துப் பார்த்தார். உங்கள் மக்களின் பேச்சில் இது எங்காவது தெரிய வேண்டும். நாளையைப் பற்றிய கேள்விக்கு ஆமாம் என்றும் சொல்லாமல் இல்லை என்றும் சொல்லாமல் மூன்றாவதாக ஒரு பதில் வைத்திருப்பார்கள். வெறும் கைச்சாடையாகக்கூட இருக்கலாம். விளக்கம் தராதீர்கள், அங்கங்கே வந்துபோனால் வாசகரே பிடித்துக்கொள்வார்.

சாடை என்றதும் இன்னொன்று நினைவுக்கு வருகிறது. தென் அமெரிக்காவின் அய்மாரா மொழி பேசும் முதியவர்கள் இறந்தகாலத்தைப் பற்றிப் பேசும்போது கையை முன்னால் நீட்டுகிறார்கள், எதிர்காலத்துக்குக் கையைப் பின்னால் காட்டுகிறார்கள் என்று ரஃபேல் நூன்யெஸ், ஈவ் ஸ்வீட்சர் இருவரும் 2006இல் எழுதினார்கள். பார்த்தது முன்னால், பார்க்காதது முதுகுப் பக்கம். உங்கள் திரளுக்கு நிகழ்காலம் மேல்விளிம்பு என்றால் இறந்தகாலம் காலடியில் இருக்கிறது. செத்தவர்களைப் பற்றிப் பேசும்போது அவர்கள் வானத்தைப் பார்க்க மாட்டார்கள், தரையைப் பார்ப்பார்கள்.

அப்புறம் வாக்கு. இங்கே நீங்கள் உங்கள் கொள்கையைக் கடைசிவரை பின்தொடரவில்லை என்று நினைக்கிறேன். எதிர்காலம் இல்லை, ஆகவே வாக்கும் இல்லை என்கிறீர்கள். வாக்கு என்பது நாளையைப் பற்றிய ஒரு செய்தியாக மட்டும் இருந்தால் அது சரி. ஆனால் வாக்குக் கொடுப்பது ஒரு செயல். கொடுத்த நொடியே அது திரளில் சேர்ந்துவிடுகிறது, பிறகு யாராலும் அதை அங்கிருந்து எடுக்க முடியாது. நமக்கெல்லாம் முறிந்துபோன வாக்கு பழைய கதை. அவர்களுக்கோ, கொடுத்த கணமும் முறித்த கணமும் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டு என்றைக்கும் கிடக்கும். அப்படியென்றால் அவர்கள் வாக்குக் கொடுக்கப் பயப்படுவார்கள், நிச்சயமாக. பயத்துக்குக் காரணம் இறந்தகாலம் போகாமல் இருப்பது. வெளியிலிருந்து பார்க்கிறவருக்கு இரண்டும் ஒன்றுபோலத் தெரியும், வாக்குக் கொடுக்காத மனிதர்கள். உள்ளே பார்த்தால் ஆளே வேறு. நீங்கள் எழுதியிருக்கும் காரணத்தை நம்புகிறவர் பொறுப்பைத் தட்டிக்கழிக்கிறவராகத் தெரிவார். நான் சொல்லும் காரணத்தை நம்புகிறவர் பொறுப்பின் பாரம் தாங்காமல் வாயைத் திறக்காதவர். நாவலுக்கு இரண்டாமவர்தான் வேண்டும்.

மன்னிப்பையும் இதே வழியில் யோசித்துப் பாருங்கள். 'போனது போகட்டும்' என்ற பேச்சே அவர்களிடம் இருக்க முடியாது. எதுவும் போகாத உலகத்தில் மன்னிப்பு என்றால் என்ன? அழிப்பதாக இருக்க வழியில்லை. அடித்த கணத்துக்கு மேலே, அடித்தவனும் அடிபட்டவனும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிட்ட ஒரு கணத்தைச் சேர்ப்பதாக வேண்டுமானால் இருக்கலாம். தண்டனை இன்னும் சிக்கல். குற்றவாளியை அடித்தால் திரளில் ஒரு வலி இருந்த இடத்தில் இப்போது இரண்டு வலி, இரண்டும் நிரந்தரம். இவர்களின் நீதிமன்றம் எப்படித் தீர்ப்புச் சொல்லும்? உங்கள் கடிதத்தில் வழக்கு, கடன், மன்னிப்பு எதைப் பற்றியும் ஒரு வார்த்தை இல்லை. மரணத்தைப் பற்றி மட்டும் பேசுகிற தத்துவத்தோடு யாரும் அன்றாடம் வாழ முடியாது. ஒரு கடன் தகராறு போதும், திரள்நெறி வாசகருக்குப் புரிந்துவிடும். வாங்கியவன் திருப்பிக் கொடுத்துவிட்டான், ஆனால் கொடுத்தவன் இன்னும் மேலான இடத்திலிருந்தே பேசுகிறான், ஏனென்றால் இவன் கை நீட்டிய அந்தக் கணம் அங்கேயேதான் இருக்கிறது.

இனி அந்தத் தாய். ஆசான் சொல்கிறார், உன் மகள் எங்கும் போகவில்லை, திரளுக்குள் இருக்கிறாள் என்று. தாய் தேறுகிறாள். நான் அந்த இடத்தில் இருந்தால் தேறியிருக்க மாட்டேன். இப்படிக் கேட்டிருப்பேன்: "ஐயா, அவளோட காய்ச்சலும் அங்கேயே இருக்கா?"

அங்கேயேதான் இருக்கும். கொள்கைப்படி வேறு வழி கிடையாது. கடந்தது எதுவும் அழிவதில்லை என்றால், அவள் ஓடி விளையாடிய பகல்கள் அழியாததுபோலவே கடைசி இரவுகளும் அழியவில்லை. அனத்தல் இருக்கிறது, வறண்ட உதடு இருக்கிறது. பக்கத்தில் உட்கார்ந்து நெற்றியில் ஈரத்துணி போட்டுக்கொண்டு, விடிந்தால் சரியாகிவிடும் என்று நம்பிக்கொண்டிருந்த அந்தத் தாயும் இருக்கிறாள். (கொள்கை நாளையை மறுத்தாலும் பெற்ற மனம் மறுத்திருக்காது.) அவள் இன்னும் நம்பிக்கொண்டே இருக்கிறாள். ஆசான் தேற்றுவதாக நினைத்துக்கொண்டு ஒரு பெரிய கொடுமையை அவள் கையில் கொடுத்திருக்கிறார். அவருக்கு அது தெரியவில்லை, தெரிந்தும் சொல்லியிருந்தால் அது வேறு நாவல்.

இதை உணர்ச்சி விஷயமாக மட்டும் எடுத்துக்கொள்ள வேண்டாம். வளரும் பாளக் கொள்கைக்கு எதிரான மிகக் கூர்மையான ஆட்சேபம் இதற்குப் பக்கத்து வாசலிலிருந்துதான் வருகிறது. கிரேக் போர்ன் 2002இலும் டேவிட் பிராடன்-மிட்செல் 2004இலும் என்று இரண்டு தத்துவவாதிகள் அதை எழுப்பினார்கள். இறந்தகாலத்து மனிதர்கள் நிஜமாகவே இருக்கிறார்கள் என்றால், அவர்களும் 'இதுதான் இப்போது' என்றே நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். நாமும் அப்படித்தான் நினைக்கிறோம். விளிம்பில் நிற்பது நாம்தான், அவர்கள் இல்லை என்று நமக்கு எப்படித் தெரியும்? புதைந்து கிடக்கும் கணங்களுக்கு எண்ணிக்கையே இல்லை, விளிம்பு ஒன்றே ஒன்று. கணக்குப் பார்த்தால் நாமும் புதைந்தவர்களாக இருக்கவே வாய்ப்பு அதிகம்.

இதற்கு பீட்டர் ஃபாரஸ்ட் அதே 2004இல் ஒரு பதில் சொன்னார். இறந்தகாலம் இருக்கிறது, ஆனால் அது செத்துக் கிடக்கிறது. உயிரும் உணர்வும் விளிம்பில் மட்டும் நடக்கிற காரியங்கள். ஆகவே 'இதுதான் இப்போது' என்று உணர்கிற எவரும் விளிம்பில்தான் இருக்கிறார். சாமர்த்தியமான பதில், நான் ரசிக்கிறேன். ஆனால் அதைத் தாயிடம் போய்ச் சொல்லிப் பாருங்கள். காய்ச்சல் அங்கே வலிக்காது, சரி. அப்படியென்றால் சிரிப்பிலும் சந்தோஷம் இல்லை. திரளுக்குள் இருப்பது மகளின் வடிவம், அதற்குள் மகள் இல்லை.

ஆசான் இரண்டில் எதைச் சொன்னாலும் ஆறுதல் பாதியில் உடைகிறது. தயவுசெய்து இந்த உடைப்பை ஒட்டவைக்கப் பார்க்காதீர்கள். உங்கள் மரபுக்கு ஒரு வரலாறு கிடைக்கப்போவதே இந்த இடத்தில்தான். திரள்நெறி இரண்டாகப் பிரியட்டும். திரள் விழித்திருக்கிறது என்பார்கள் ஒரு கிளையினர். திரள் உறங்குகிறது, விளிம்பு மட்டுமே விழித்திருக்கிறது என்பார்கள் மற்றவர்கள். பிரிந்ததும் நீங்கள் வைத்திருக்கும் 'அழக்கூடாது' என்ற விதி எப்படி மாறுகிறது பாருங்கள். விழிப்புக் கிளையாரும் அழ மாட்டார்கள், ஆனால் காரணம் வேறு: அழுதால் திரளில் இன்னொரு நிரந்தரத் துயரம் சேரும். சாகப்போகிறவரின் கடைசி நாட்களை எப்படியாவது நல்ல நாட்களாக்க அவர்கள் படும் பாடு கொஞ்சநஞ்சமாக இருக்காது, அந்த நாட்கள் முடியவே போவதில்லை அல்லவா. ஒரு குழந்தையை அறைந்துவிட்டு அவர்கள் நிம்மதியாகத் தூங்க முடியாது. உறக்கக் கிளையார் நம்மைப்போல் வாய்விட்டு அழுவார்கள், விளிம்பை விட்டு இறங்கியதும் எந்த வலியும் வலிக்காது என்பதால் கொஞ்சம் கல்நெஞ்சக்காரர்களாகவும் இருக்கலாம். இரண்டு கிளையும் ஒரே மூல வாக்கியத்தை ஓதுகின்றன, ஒரே வீட்டில்கூட இருக்கலாம். தாய் ஒரு கிளை, கணவன் ஒரு கிளை என்று வைத்தால் மகளுக்கு எந்த முறையில் ஈமக்கடன் செய்வது என்பதிலேயே சண்டை வந்துவிடும்.

நிஜ மரபுகளும் இப்படித்தான் பிளந்தன. பௌத்தத்தில் சர்வாஸ்திவாதிகள் என்ற பிரிவினர் மூன்று காலத்துத் தர்மங்களும் உண்டு என்றார்கள் (தர்மம் என்றால் இங்கே அறம் இல்லை, உலகத்தை ஆக்கும் அடிப்படைக் கூறுகள்). உடனே கேள்வி வந்தது. மூன்றுமே உண்டு என்றால் போனதற்கும் இருப்பதற்கும் என்ன வேறுபாடு? ஒரே பிரிவுக்குள் நான்கு ஆசிரியர்கள் நான்கு பதில் சொன்னார்கள். தர்மத்ராதர், பொன்னைப் பல பாத்திரங்களாக மாற்றினாலும் பொன் பொன்னாகவே இருப்பதைக் காட்டினார். கோஷகர், ஒரு பெண்ணை விரும்புகிறவனுக்கு மற்றப் பெண்கள்மேல் ஆசை அற்றுப்போய்விடவில்லை என்ற உதாரணத்தைச் சொன்னார் (துறவிகளின் உதாரணம்!). வசுமித்ரர் கணக்குக் காயைக் காட்டினார்: ஒன்றின் இடத்தில் வைத்தால் ஒன்று, நூறின் இடத்தில் வைத்தால் நூறு, காய் மாறவில்லை. புத்ததேவர், ஒரே பெண் ஒருத்திக்கு மகளாகவும் இன்னொருத்திக்குத் தாயாகவும் இருப்பதைச் சொன்னார். இவற்றில் வசுமித்ரரின் விளக்கத்தை இதே பிரிவைச் சேர்ந்த காஷ்மீரத்து வைபாஷிகர்கள் ஏற்றுக்கொண்டார்கள். ஒரு தர்மம் தன் செயலைச் செய்யும்போது நிகழ்காலம், செய்து முடித்தால் இறந்தகாலம், இன்னும் தொடங்காவிட்டால் எதிர்காலம். மேலே சொன்ன ஃபாரஸ்டின் பதிலோடு இதை வைத்துப் பாருங்கள், இடையில் இத்தனை நூற்றாண்டுகள் இருந்தும் இரண்டும் ஒரே திசையில்தான் நகர்கின்றன.

அதோடு நிற்கவில்லை. வசுபந்து என்ற பௌத்த ஆசிரியர் தன் அபிதர்மகோச பாஷ்யத்தில் இதைக் குடைந்தெடுத்தார். பொருள் எப்போதும் இருக்கிறது என்றால் அது எப்போதும் செயல்படாமல் தடுப்பது எது? அந்தச் செயலுக்கும் மூன்று காலம் உண்டா? உண்டு என்றால் அதைப் பிரித்துக்காட்ட இன்னொரு செயல் வேண்டுமே. வைபாஷிகர் தரப்பில் சங்கபத்ரர் இதற்குப் பெரிய மறுப்பு நூலே எழுதினார். 'மூன்றும் உண்டு' என்ற ஒரே வரிக்கு நான்கு விளக்கம், ஒரு தாக்குதல், ஒரு பெரிய மறுப்பு. உங்கள் திரள்நெறியில் இப்போது வரி மட்டும்தான் இருக்கிறது.

சமணத்திலிருந்து ஒரு சின்ன உத்தியை எடுத்துக்கொள்ளலாம். சமணத்தின் இரு பிரிவினரும் போற்றும் தத்துவார்த்த சூத்திரத்தில் பொருள்களைப் பட்டியலிடும் இடத்தில், திகம்பரப் பிரிவினரின் பாடம் (அதாவது அவர்களிடம் உள்ள வாசகம்) காலமும் ஒரு பொருள் என்று முடிகிறது. சுவேதாம்பரர் பாடத்திலோ, காலத்தையும் பொருள் என்று சிலர் சொல்வர் என்று இருக்கிறது. ஒரே நூலின் இரண்டு பாடம். திரள்நெறியின் மூல வாக்கியத்துக்கும் இப்படி இரண்டு பாடம் வைத்து, எது பழையது என்று யாருக்கும் தெரியாமல் விட்டுவிடுங்கள். பல பக்கம் எழுதி விளக்கினாலும் வராத பழமை அதில் வந்துவிடும்.

பாடம் நடத்துவதுபோல இருக்கிறது என்ற புகாருக்கு இப்போது பாதி பதில் கிடைத்திருக்கும். ஆசானிடம் எல்லாப் பதிலும் இருக்கிறது, தாயிடம் ஒரு கேள்விகூட இல்லை, அதனால்தான் அது பாடமாகிவிட்டது. கேள்வியை அவளிடம் கொடுங்கள். மீதிப் பாதி, கொள்கையை யார் வாயில் வைக்கிறீர்கள் என்பது. உங்கள் திட்டத்தில் திரள்நெறியைத் திரள்நெறியாரே விளக்குகிறார்கள். நிஜத்தில் நமக்குத் தெரிந்த பல மரபுகள் எதிராளி வாய் வழியாகத்தான் வந்து சேர்ந்தவை. ஆசீவகர்களின் சொந்த நூல் ஒன்றுகூட இன்று இல்லை. அவர்களின் ஆசான் மற்கலியைப் பற்றிப் பௌத்தரும் சமணரும் சொல்வதை வைத்தே பேசிக்கொண்டிருக்கிறோம். நீலகேசி என்ற சமணக் காப்பியத்தில் நாயகி பல சமயத்தாரோடு வாதிட்டுக்கொண்டே போகிறாள், அவர்களில் ஆசீவகர் ஒருவர். எதுவும் உண்மையில் அசைவதில்லை, எல்லாம் நிலைபெயராமல் என்றைக்கும் இருக்கிறது என்ற அவிசலித நித்தியக் கொள்கை நமக்குத் தெரியவருவது அதை மறுக்க வந்த சமண நூலிலிருந்துதான். உங்கள் திரளுக்கு இது தூரத்து உறவு என்றே சொல்லலாம். குண்டலகேசி என்ற பௌத்தக் காப்பியத்தின் கதி இன்னும் மோசம். இன்று கையில் இருப்பவை சில பாடல்கள்தான்.

ஆகவே திரள்நெறியை முதன்முதலாக வாசகருக்குச் சொல்கிறவர் அதை வெறுக்கிறவராக இருக்கட்டும். கொஞ்சம் திரித்துச் சொல்லட்டும். பிறகு பாதி மட்டும் புரிந்துகொண்ட ஒரு மாணவன் சொல்லட்டும். ஆசான் வாயைத் திறப்பதற்குள் வாசகர் தானாக ஒரு கருத்துக்கு வந்து, அவரோடு வாதாடத் தயாராக இருப்பார்.

எதிராளிக்கு நல்ல ஆயுதம் வேண்டும், இல்லாவிட்டால் அவர் வெறும் பொம்மை. நான் ஒன்று தருகிறேன். "திரள் வளர்கிறது என்கிறாய். எவ்வளவு வேகத்தில்? வேகம் என்றால் இவ்வளவு காலத்தில் இவ்வளவு என்று அர்த்தம். காலமே வளர்வதை அளக்க இன்னொரு காலம் வேண்டும். அதுவும் வளர்கிறதா?" இதற்குத் திருப்தியான பதிலை நான் பார்த்ததில்லை. நொடிக்கு ஒரு நொடி என்பார்கள், அது பதில் மாதிரி ஒலிக்கிறது, அவ்வளவுதான். எதிராளி காலத்தையே மறுக்கிற கட்சிக்காரர் என்றால் பௌத்தத் தத்துவவாதி நாகார்ஜுனரின் போக்கைப் பாருங்கள். மூலமத்யமக காரிகையின் 19ஆம் அத்தியாயத்தில் ஆறே செய்யுள். நிகழ்காலமும் எதிர்காலமும் இறந்தகாலத்தைச் சார்ந்துதான் இருக்கின்றன என்றால் அவை இறந்தகாலத்திலேயே இருந்திருக்க வேண்டும், சாராமல் இருக்கின்றன என்றால் அவை நிற்கவே நிற்காது என்று தொடங்குகிறார். 1908இல் ஆங்கிலேயத் தத்துவவாதி மெக்டகார்ட் வேறு வழியில் வந்து காலம் மெய்யில்லை என்று முடித்ததும் இந்தக் கட்சியில் சேரும். உங்கள் ஆசான் இவர்களில் யாரிடமாவது ஒருமுறை தோற்க வேண்டும், தோற்றுவிட்டு வீட்டுக்கு வந்து மறுநாளும் அதே கொள்கையை நம்ப வேண்டும். அப்போதுதான் அவரை ஒரு மனிதர் என்று நம்புவேன்.

ஐன்ஸ்டைனை யாராவது இழுப்பார்கள். 1905க்குப் பிறகு, எல்லாருக்கும் பொதுவான ஒரே 'இப்போது' கிடையாது, அதனால் ஒரே மேல்விளிம்பு என்பது பெரிய சிக்கல், வாஸ்தவம். உங்கள் மக்களுக்கு அது தெரியாது. விடுங்கள்.

கால அளவுகள் மட்டும் கொஞ்சம் கவனியுங்கள், ஏனென்றால் ஒரு மரபு எதை எண்ணுகிறது என்பதிலேயே அதன் கொள்கை தெரிந்துவிடும். எல்லாம் கணம்தோறும் அழிகிறது என்று சொன்ன பௌத்தர்கள் கணத்தையே எண்ணினார்கள். அபிதர்மகோசத்தின் கணக்கில் 120 கணம் ஒரு தத்கணம், 60 தத்கணம் ஒரு லவம், 30 லவம் ஒரு முகூர்த்தம், 30 முகூர்த்தம் ஒரு நாள். பெருக்கிப் பார்த்தால் ஒரு நாளில் 64,80,000 கணங்கள், அதாவது நம் நொடியில் 75 கணம். திரள்நெறியாருக்கு இவ்வளவு சிறிய அளவு எதற்கு? எதுவும் அழியாதபோது அவர்கள் எண்ணப்போவது சேர்ந்ததை. வயது கேட்டால் எவ்வளவு சேர்ந்திருக்கிறது என்ற பொருளில் ஏதோ ஒன்றைச் சொல்வார்கள். ஒன்றிரண்டு அளவு போதும், நாட்காட்டி முழுவதையும் உருவாக்கத் தொடங்கினால் நாவல் நின்றுவிடும். நிறையப் பேருக்கு நின்றிருக்கிறது.

கடைசிக் கேள்விக்கு என் பதில்: வேண்டாம், போடாதீர்கள். 'கதைக்குள் கதை' என்று உங்களுக்குத் தோன்றலாம். ஆனால் பிற மக்களின் காலக் கருத்தைப் பற்றிய தவறான செய்திகள் எவ்வளவு நாள் உயிரோடு இருக்கும் என்பதற்கு உதாரணம் உண்டு. மொழி ஆய்வாளர் பெஞ்சமின் லீ வோர்ஃப் 1930களில், அமெரிக்கப் பழங்குடியினரான ஹோப்பி மக்களுக்கு நாம் நினைக்கிற மாதிரியான காலக் கருத்தே இல்லை என்ற வகையில் எழுதினார். எக்கெஹார்ட் மலோட்கி 1983இல் 600 பக்கத்துக்கு மேற்பட்ட ஒரு நூலில் ஹோப்பி மொழியிலிருந்தே ஏராளமான காலச் சொற்களையும் வழக்குகளையும் எடுத்துக் காட்டினார். இன்றும் பழைய கதைதான் பரவலாக ஓடுகிறது. உங்கள் விஷயத்துக்கு இன்னும் நெருக்கமானது கென்யாவின் ஜான் எம்பிட்டி 1969இல் சொன்னது. ஆப்பிரிக்க மரபுச் சிந்தனையில் நீண்ட இறந்தகாலமும் நிகழ்காலமும் உண்டு, எதிர்காலம் ஏறக்குறைய இல்லவே இல்லை என்றார். ஒரு கண்டத்துக்கே எதிர்காலம் இல்லை என்று சொன்ன மாதிரி ஆகிவிட்டது. கானாவின் குவாமே ஜெக்யே உள்ளிட்ட ஆப்பிரிக்கத் தத்துவவாதிகளே அதை மறுத்து எழுத வேண்டியிருந்தது. வோர்ஃபும் எம்பிட்டியும் நல்லெண்ணத்தோடு ஆராய்ந்து எழுதியவர்கள். நீங்கள் தெரிந்தே ஒரு சுவடியைக் கண்டுபிடிக்கப் போகிறீர்கள். நாவலைப் படிக்காதவர் கையில் அந்த முன்னுரையின் ஒரு பக்கம் மட்டும் போய்ச் சேரும், அடுத்த வருடம் திரள்நெறிதான் ஆசீவகத்தின் மூலம் என்று ஒருவர் காணொளி போடுவார். ஆசீவகத்தைப் பற்றி உலவுகிற கற்பனையே ஏற்கெனவே போதும்.

நாவலுக்குள் ஒரு பாத்திரம் சுவடி கிடைத்ததாகச் சொல்லிக்கொள்ளட்டும், அதில் எனக்கு ஆட்சேபம் இல்லை. முன்னுரையில் 'திரள்நெறி என் கற்பனை' என்று ஒரு வரி போடுங்கள். நன்றிப் பக்கத்தில் பிராட் பெயரைச் சேர்ப்பது உங்கள் விருப்பம். வசுமித்ரரின் கணக்குக் காயை அப்படியே எடுத்து ஆசான் வாயில் வைப்பதாக இருந்தால் மட்டும் அது சர்வாஸ்திவாதிகளுடையது என்று அங்கேயே குறிப்பிட்டுவிடுங்கள்.